கூஃபு பிரமிடில் இருப்பது பையா, ஐந்தரைக் கையகலமா?

வட்டக்கோல்:
எகிப்தின் கிசாவில் கூஃபு மன்னன் கட்டிய பெரிய பிரமிடின் அளவுகளில் பை (π, வட்டத்தின் சுற்றளவை விட்டத்தால் வகுத்தால் வரும் எண்) இருக்கிறது என்று பேச்செடுத்தாலே "பை எல்லாம் கட்டுக்கதை" என்று ஒற்றை வரியில் தள்ளிவிட்டுப் போகிறார்கள். கணக்கை ஒருமுறை போட்டுப் பார்த்துவிட்டுத் தள்ளுங்கள். அடிப்பக்கம் 440 அரச முழம். உயரம் 280 முழம். நாலு பக்கமும் சேர்ந்து 1760. அதை உயரத்தால் வகுத்தால் 6.2857. இரண்டு பை 6.2832. பத்தாயிரத்தில் நாலு பங்குதான் வித்தியாசம். உயரத்தை ஆரமாக வைத்து ஒரு வட்டம் போட்டால், வட்டத்தின் சுற்றும் சதுரத்தின் சுற்றும் ஒன்றாகிவிடும்.

கட்டியவர்கள் லேசுப்பட்டவர்களும் இல்லை. 1925இல் கோல் என்ற நில அளவையாளர் எடுத்த அளவு இது: வடக்கு 230.253 மீட்டர், தெற்கு 230.454, கிழக்கு 230.391, மேற்கு 230.357. அதிகபட்ச வேறுபாடு 20 சென்டிமீட்டர். இவ்வளவு கறாராக அளந்தவர்கள் விகிதத்தை மட்டும் குருட்டாம்போக்கில் வைத்திருப்பார்களா?

மூலைமட்டம்:
குருட்டாம்போக்கில் வைக்கவில்லை ஐயா. வட்டம் போட்டும் வைக்கவில்லை.

மொட்டைமாடியில் தளம் போடும் கொத்தனாரிடம் "அரைப் பாகை சரிவு" என்றால் முழிப்பார். "பத்தடிக்கு ஒரு அங்குலம் வாட்டம்" என்றால் நூலைக் கட்டிவிட்டு வேலையைத் தொடங்கிவிடுவார். எகிப்தியர் கணக்கும் இந்த வாட்டக் கணக்குதான், பெயர் செகெட். ஒரு முழம் மேலே ஏறினால் எத்தனை கையகலம் உள்ளே தள்ள வேண்டும் என்பது அதன் பொருள்.

நாலு விரற்கடை ஒரு கையகலம், ஏழு கையகலம் ஒரு அரச முழம். ஆக முழத்துக்கு 28 விரற்கடை, சுமார் 52.4 சென்டிமீட்டர். (நம் முழம் 24 விரற்கடை. அவர்களிடமும் 24இல் ஒரு சின்ன முழம் உண்டு, ஆனால் பிரமிடு கட்டியது பெரிய முழத்தில்.) கூஃபு பிரமிடின் செகெட் ஐந்தரை, அதாவது 5 கையகலம் 2 விரற்கடை. ஏற்றம் 7, உள்தள்ளல் 5½.

உங்கள் வகுத்தலை இதில் வைத்துப் பாருங்கள். அடிப்பக்கம் என்பது உள்தள்ளலின் இரண்டு மடங்கு, சுற்றளவு எட்டு மடங்கு. 8 × 5½ ÷ 7 = 44/7. முழத்துக்கு ஏழு கையகலம் என்று வைத்த அன்றே கீழே 7 உட்கார்ந்துவிட்டது. மேலே 44 வருவதற்கு 5½ என்ற எளிய பின்னம் போதும். பள்ளிக்கூடத்து 22/7 கண்ணில் படுவதன் ரகசியம் இவ்வளவுதான்.

சந்தேகி:
நல்லாத்தான் இருக்கு. ஆனா செகெட்னு ஒன்னு இருந்துச்சுங்கிறதுக்கு ஆதாரம் என்ன? பின்னால வந்தவங்க பொருத்திப் பார்த்ததா இருக்கலாமே?

நைல்கரை:
இருக்கிறது. ரைண்ட் பாப்பிரஸ் என்ற எகிப்தியக் கணக்கு ஏடு, கி.மு. 1550 வாக்கில் அஹ்மெஸ் என்ற எழுத்தர் படியெடுத்தது, இப்போது பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில். அதில் 56 முதல் 60 வரை இந்தச் சரிவுக் கணக்குகளே. 56ஆவது: அடி 360 முழம், உயரம் 250 முழம், செகெட் என்ன? பாதி அடி 180, அதை 250ஆல் வகுத்து ஏழால் பெருக்கினால் 5 1/25 கையகலம். 57ஆவது தலைகீழ்: அடி 140, செகெட் 5 கையகலம் 1 விரல், உயரம் என்ன? விடை 93⅓ முழம். ஐந்து கணக்கிலும் வட்டம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை.

ஏட்டோடு நிற்கவில்லை, மண்ணுக்கடியிலும் கிடைத்திருக்கிறது. எகிப்தின் மெய்தூமில் 17ஆம் எண் மஸ்தபாவின் (தட்டைக் கூரையுள்ள கல்லறை) மூலைகளுக்கு வெளியே, தரைமட்டத்துக்குக் கீழே, ட வடிவில் சின்னச் சுவர்கள் எழுப்பியிருக்கிறார்கள். அவற்றில் முழத்துக்கு ஒரு படுக்கைக் கோடு. அவற்றைச் சாய்வாக வெட்டிக்கொண்டு ஒரு சரிவுக் கோடு: நாலு முழம் ஏறினால் ஒரு முழம் உள்ளே. கொத்தனார் நூலை அந்தக் கோட்டோடு ஒட்டிப் பிடித்து மேலே கொண்டுபோயிருக்கிறார். கண்டெடுத்தவர் ஆங்கிலேயத் தொல்லியலாளர் பெட்ரி.

வட்டக்கோல்:
செகெட் இருந்தது என்பதை நான் மறுக்கவே இல்லையே. 5½ ஏன் என்பதுதான் கேள்வி. 5 இருக்கிறது, 5¼ இருக்கிறது, 6 இருக்கிறது. இத்தனைக்கும் நடுவே சதுரத்தையும் வட்டத்தையும் சமமாக்கும் ஒன்றையா கை போய் எடுத்தது?

நம் பழைய கணக்கிலும் விட்டத்தை ஏழு பங்காக்கி, நாலு சேர்த்து, இரட்டித்தால் சுற்றளவு. 7, 11, 22. அதே 7, 11 கிசாவில் (உயரம் 280, அடி 440) நிற்கும்போது "முழத்தால் வந்தது" என்று கண்ணை மூடிக்கொள்ள எனக்கு மனம் வரவில்லை.

நைல்கரை:
நம் விதி வட்டத்துக்கென்றே சொன்ன விதி. எகிப்தில் வட்டத்துக்குச் சொன்ன விதி வேறு. அதே ரைண்ட் ஏட்டின் 50ஆவது கணக்கு: விட்டம் 9 என்றால் ஒன்பதில் ஒரு பங்கைக் கழி, மிச்சம் 8, எட்டை எட்டால் பெருக்கு, பரப்பு 64. இதிலிருந்து கிடைக்கும் பை 256/81, அதாவது 3.1605. 22/7 அல்ல.

சரி, உங்கள் பக்கமே நின்று பார்ப்போம். அவர்கள் தங்கள் வட்டக் கணக்கை வைத்தே உயரத்தைக் கணித்திருந்தால்? 1760ஐ 6.321ஆல் வகுத்தால் உயரம் 278.4 முழம். இன்றைய கணக்கைவிட ஒன்றரை முழத்துக்கு மேல், 80 சென்டிமீட்டர் சொச்சம் குறைவு. சரிவு 51 பாகை 41 கலையில் (60 கலை ஒரு பாகை) நின்றிருக்கும். பெட்ரி முகப்புக் கற்களில் அளந்தது 51 பாகை 52 கலை, கூடக்குறைய 2 கலை. 11 கலை இடிக்கிறது. 14க்கு 11 (உயரம் 280, பாதி அடி 220) தருவது 51 பாகை 50½ கலை, பிழை எல்லைக்குள் நிற்கிறது.

வட்டக்கோல்:
அஹ்மெஸ் ஏடு கூஃபுவுக்கு ஆயிரம் வருடம் பிந்தியது. அதன் மூலம் இன்னும் பழையது என்று வைத்தாலும் எழுநூறு வருட இடைவெளி. பிந்தைய எழுத்தரின் பாடப் பயிற்சியை முந்தைய தலைமைக் கட்டடக்காரரின் தலையில் கட்டலாமா?

நைல்கரை:
அந்தக் குறை நியாயம். ஒப்புக்கொள்கிறேன். ஆனால் 51 பாகை 41 கலை பொருந்தாது என்பதிலிருந்து, அவர்களிடம் அதைவிடக் கூர்மையான பை ஒன்று இருந்து பிறகு தொலைந்துபோனது என்று தாவுவதற்கும் ஏடு வேண்டும். அது இல்லை.

பொன்விகிதம்:
இருவருமே தப்பான எண்ணைப் பிடித்துக்கொண்டு நிற்கிறீர்கள். அங்கே இருப்பது பொன் விகிதம். பாதி அடி 220, உயரம் 280. சாய்வு உயரம் 356.09. அதை 220ஆல் வகுத்தால் 1.6186. பொன் விகிதம் 1.6180. முக்கோண முகம் ஒன்றின் பரப்பு உயரத்தின் வர்க்கத்துக்குச் சமம் என்று பண்டைய கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸே எழுதிவைத்திருக்கிறார்: 220 × 356.09 = 78,340; 280 × 280 = 78,400. இதற்கு மேல் என்ன வேண்டும்?

நைல்கரை:
ஹெரோடோட்டஸ் அப்படி எழுதவில்லை. ஒவ்வொரு பக்கமும் எட்டு பிளெத்ரா (கிரேக்க நீள அளவு), உயரமும் அதே அளவு என்றுதான் எழுதினார். அதுவே தவறான அளவு. 1859இல் ஜான் டெய்லர் அந்த வரியை வளைத்துப் "பரப்பு" என்று பொருள் கொண்டார். அன்று வளைந்தது இன்றுவரை நிமிரவில்லை. பை பேச்சைப் பரப்பியவரும் அவரே என்பதை வட்டக்கோல் கவனிக்க.

டெய்லருக்குப் பின் வந்த பியாஸி ஸ்மித் அடிப்பக்கம் 9140 அங்குலம் என்று வைத்து, அதைத் தன் 'பிரமிடு முழத்தால்' வகுத்து வருடத்தின் 365.24 நாளைக் கண்டார். அதைச் சரிபார்க்கத்தான் பெட்ரி கிளம்பிப்போனார். 1880 முதல் 1882 வரை அளந்து அவர் கண்ட அடிப்பக்கம் 9068.8 அங்குலம். வருடத்துக்கு மூன்று நாள் காணாமல் போனது.

மூலைமட்டம்:
பை, பொன் விகிதம், 14க்கு 11. மூன்றையும் ஒரே அடியில், பாதி அடி அதே 220 முழம் என்று நிறுத்துங்கள். பொன் விகிதம் என்றால் உயரம் 279.84 முழம். செகெட் என்றால் 280. பை என்றால் 280.11. மூன்றில் பெரியதற்கும் சிறியதற்கும் வித்தியாசம் 14 சென்டிமீட்டர்!

இந்தச் சரிவில் கோணம் ஒரு கலை பிசகினால் உச்சி சுமார் 9 சென்டிமீட்டர் ஏறி இறங்கும். பெட்ரியின் 2 கலைப் பிழைக்கே பதினேழு பதினெட்டு சென்டிமீட்டர் போய்விடும். அவர் எண்ணை அப்படியே பிடித்தால் பொன் விகிதம் எல்லைக்கு ஒரு முடி வெளியே நிற்கிறது. பையையும் செகெட்டையும் பிரிக்கவே முடியாது. உச்சியை அளந்து முடிவு கட்டலாம் என்றால் மேலே எட்டு மீட்டர் இல்லை. இப்போது நிற்பது 138.5 மீட்டர். ஆகவே அளந்து ஜெயிக்கிற வழக்கு இல்லை இது. கட்டியவன் கையில் என்ன கருவி இருந்தது என்று பார்த்துத்தான் தீர்க்க வேண்டும்.

சந்தேகி:
கருவின்னதும் ஞாபகம் வருது. ஒரு முழ விட்டத்துல உருளை செஞ்சு, அதை உருட்டி எத்தனை சுத்துன்னு எண்ணி நீளத்தை அளந்தாங்க, உயரத்தை மட்டும் முழக்கோல்ல அளந்தாங்க, அதனால பை தானாவே உள்ள புகுந்துச்சுன்னு மெண்டல்சன் 1974ல எழுதினாரே. அது ரெண்டு பேருக்கும் பொதுவா போகுதே?

வட்டக்கோல்:
எனக்கு அது வேண்டாம். தெரியாமல் வந்த பை எனக்கு எதற்கு?

மூலைமட்டம்:
எனக்கும் வேண்டாம். கேட்கும்போது அழகாகத்தான் இருக்கிறது: ஒரு சுற்றுக்கு நாலு முழம் ஏற்றம், அரைப்பக்கத்துக்கு 70 சுற்று, உயரம் 280. கூஃபுவின் அப்பா கட்டிய சிவப்புப் பிரமிடுக்குச் சுற்றுக்கு மூன்று முழம் என்று வைத்தால் 43 பாகை 41 கலை, அதுவும் கிட்டத்தட்ட. அடுத்ததாகக் கூஃபுவின் மகன் காஃப்ரேயின் பிரமிடுக்கு வாருங்கள். அங்கே சரிவு 53 பாகை 8 கலை, செகெட் 5¼, அதாவது 3, 4, 5 முக்கோணம். உருளைக் கணக்கில் அது சுற்றுக்கு 4.19 முழம். அப்படி யார் வைப்பார்கள்?

அதைவிடப் பெரிய சிக்கல் தேய்மானம். 524 மில்லிமீட்டர் விட்டமுள்ள மர உருளை ஒரே ஒரு மில்லிமீட்டர் தேய்ந்தால் 230 மீட்டரில் 44 சென்டிமீட்டர் பிசகும். மணலில் வழுக்குவது தனி. நாலு பக்கமும் 20 சென்டிமீட்டருக்குள் நிற்கிறது என்று முதல் பதிவிலேயே பார்த்தோம். உருட்டி அளந்து அது வராது. கோலைக் கோலோடு முட்டவைத்துத்தான் அளந்திருக்க வேண்டும். கயிறும் ஆகாது, இழுத்தால் நீளும்.

கட்டும் முறையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், 5½ ஏன் என்பதற்கு விடை அங்கேதான் கிடக்கிறது. சதுரம் போட்டால் மூலைவிட்டம் இரண்டையும் அளந்து சரிபார்ப்பது நம் வழக்கம். கிசாவில் அது நடக்காது. நடுவில் இருந்த பாறைமேட்டை வெட்டாமல் உள்ளேயே விட்டுவிட்டார்கள், குறுக்கே அளக்க வழியில்லை. ஒவ்வொரு மூலையையும் தனியாகச் செங்கோணம் பிடித்திருக்கிறார்கள். வடமேற்கு மூலை 89 பாகை 59 கலை 58 விகலை (60 விகலை ஒரு கலை), இரண்டே விகலைதான் குறை. தென்கிழக்கு மூலை 89 பாகை 56 கலை 27 விகலை. மூன்றரைக் கலைப் பிழை, பக்கத்தின் கடைசியில் 24 சென்டிமீட்டர் விலகல்.

அடுத்தது சரிவு. கல்வரிகளின் உயரம் ஒரே மாதிரி இல்லை. முதல் வரி ஒன்றரை மீட்டர், 35ஆவது வரி 1.27 மீட்டர், நடுவில் பல வரிகள் அதில் பாதிதான். "வரிக்கு இவ்வளவு உள்ளே" என்று நிலையான ஒரு அளவு வைத்தால் முகம் வளைந்து நெளிந்துவிடும். விகிதமாக வைத்தால் பிரச்சினை இல்லை: 1.5 மீட்டர் வரிக்கு 1.18 மீட்டர் உள்ளே, 60 சென்டிமீட்டர் வரிக்கு 47 சென்டிமீட்டர் உள்ளே. முகப்புக் கல்லின் பக்கவாட்டில் சரிவுக் கோட்டைக் கீறி, வெளிப்புறம் கொஞ்சம் கூடுதல் கல்லை விட்டு அடுக்கி, எல்லாம் முடிந்த பின் வழித்துச் செதுக்குவார்கள். கிசாவின் மூன்றாவது பிரமிடான மென்கௌரே பிரமிடின் கீழ்வரிகளில் கருங்கல் இன்னும் செதுக்காமல் முண்டும் முடிச்சுமாக நிற்பதைப் பார்த்தாலே அந்த வேலைமுறை புரிந்துவிடும்.

பிழை சேர்வது எப்படி என்றால், முழத்துக்கு ஒரே மில்லிமீட்டர் கூடுதலாகத் தள்ளினால் 280 முழத்தில் 28 சென்டிமீட்டர். ஒரு முகத்தில் மட்டும் அது நடந்தால் நாலு விளிம்பும் உச்சியில் ஒன்று சேராது. காஃப்ரே பிரமிடின் உச்சியருகே இலேசான முறுக்கல் இருப்பது இப்படி நேர்ந்ததுதான். அதனால் முகத்தைவிட மூலை விளிம்பில்தான் கண் இருக்க வேண்டும். அந்த விளிம்பின் வாட்டம் என்ன தெரியுமா? மூலைவிட்டத்தில் பாதி 311.13 முழம், உயரம் 280. பத்துக்கு ஒன்பது, பிசகு பத்தாயிரத்தில் ஒன்றுகூட இல்லை. முகத்துக்கு 11க்கு 14, விளிம்புக்கு 10க்கு 9, இரண்டுமே முழு எண். நூல் பிடிப்பவனுக்கு இதைவிட வசதியான சரிவு கிடையாது. (இதையும் ஒருவர் "பத்தின் ரகசியம்" என்று எழுதாமல் இருக்க வேண்டுமே.)

வட்டக்கோல்:
பத்துக்கு ஒன்பது எனக்குப் புதிது. கணக்குப் போட்டேன், 0.89995 வருகிறது. நல்ல இடத்தில் அடித்தீர்கள்.

ஆனால் வசதிதான் காரணம் என்றால் மகன் காஃப்ரே ஏன் 5¼க்குப் போனான்? அங்கே விளிம்பு இப்படி முழு எண்ணில் விழாதே.

மூலைமட்டம்:
விழாதுதான். அங்கே முகத்துக்கு 3க்கு 4 கிடைத்துவிட்டது, மூலைமட்டத்தைச் சரிபார்க்கிற அதே முக்கோணம். விளிம்பு கை நழுவியது. முறுக்கல் வந்ததும் அந்தப் பிரமிடில்தான் என்பதை என் பக்கம் சேர்த்துக்கொள்கிறேன், நிரூபணமாக அல்ல.

நைல்கரை:
5½ கூஃபுவின் கண்டுபிடிப்பும் இல்லை. அவன் அப்பன் ஸ்னெஃப்ரு தாஷூரில் வளைந்த பிரமிடைத் தொடங்கியபோது சரிவு 60 பாகையை ஒட்டி இருந்தது. அடியில் பாறை இல்லை, சரளையும் களிமண்ணும். மண் அமுங்கிற்று, உள்ளறைகளில் விரிசல் விட்டது, மேல் அறையில் தேவதாரு மரத்தை முட்டுக்கொடுத்திருக்கிறார்கள். சுற்றிலும் ஒரு உறை கட்டி 54 பாகை சொச்சத்துக்குக் குறைத்தார்கள். அதுவும் போதாமல் பாதி வழியில் 43 பாகைக்கு மடக்கினார்கள். கீழ்ப்பகுதியில் கற்களை உள்நோக்கிச் சாய்த்து அடுக்கியது பாரத்தைக் கூட்டியதே தவிரக் குறைக்கவில்லை. மேலே மடக்கிய பகுதியில் படுக்கையாகவே அடுக்கினார்கள். அடுத்துக் கட்டிய சிவப்புப் பிரமிடு அடியிலிருந்தே 43.

அதற்குப் பிறகுதான் மெய்தூமின் பழைய படிப் பிரமிடுக்கு வழுவழுப்பான உறை போடுகிறார்கள். அதன் அடி 275 முழம், உயரம் 175 முழம். இருபத்தைந்தால் வகுங்கள்: 11, 7. கூஃபுவினுடையதை நாற்பதால் வகுங்கள்: 11, 7. ஆக, இது யோசித்து எடுத்த விகிதம் என்பதில் வட்டக்கோல் சொல்வது சரி. அப்பன் காலத்தில் பழகிய வாட்டத்தை மகன் கிசாவின் பாறைமேல் பெரிதாக்கினான். பேரன் இன்னும் கால் கையகலம் இறுக்கினான். 43 பாகை, பிறகு செகெட் 5½, 5¼ என்று அடி அடியாக மீண்டும் நிமிர்வதுதான் எனக்குத் தெரிகிறது.

வட்டக்கோல்:
மெய்தூமை என் பக்கமும் வைக்கலாமே. ஒருமுறை வந்தால் தற்செயல், இருமுறை வந்தால் விருப்பம். கூஃபு பிரமிடுக்குள் இருக்கும் அரசன் அறையையும் பாருங்கள்: தரை 20க்கு 10 முழம், சுவரின் உயரம் தரை மூலைவிட்டத்தில் சரிபாதி, 11.18 முழம். முழ எண்ணில் அடங்காத அளவு அது. வடிவத்தின் மேல் ஆசை இருந்தவர்கள் இவர்கள். சதுரத்துக்குள் வட்டத்தை ஒளித்துவைக்கும் ஆசை மட்டும் இருந்திருக்காதா?

மூலைமட்டம்:
தரையில் மூலைக்கு மூலை கயிற்றைப் பிடித்து, இரண்டாக மடித்துச் சுவரில் நிறுத்தினால் அந்த 11.18 வந்துவிடும். எண்ணே தேவையில்லை. ஆசை இருந்திருக்கலாம். அந்த ஆசைக்குத் தேவையான கயிறோ கோலோ ஏடோ கையில் கிடைக்கும்வரை நான் ஐந்தரையோடு நிற்கிறேன்.

வட்டக்கோல்:
நான் 11க்கு 7இல் நிற்கிறேன். "வட்டம்" என்ற சொல்லைக் கேள்விக்குறி போட்டு வைத்துக்கொள்கிறேன், அழிக்கவில்லை.

சந்தேகி:
அண்ணன்களா, இவ்வளவு பேசிட்டீங்க. ஒரு அட்டையில இதே விகிதத்துல செய்யணும்னா என்ன அளவுல வெட்டணும்?

மூலைமட்டம்:
அடி 22 சென்டிமீட்டர் சதுரம், முடிந்த உயரம் 14. சதுரத்தின் நாலு பக்கத்திலும் ஒரு முக்கோணம் வரையுங்கள். முக்கோணத்தின் உயரம் 14 இல்லை, 17.8. எல்லோரும் தவறுவது இங்கேதான். 14 என்று வெட்டி மடித்தால் பிரமிடு 8.7 சென்டிமீட்டரில் சப்பையாக உட்கார்ந்துவிடும். சாய்ந்த விளிம்பு 20.9 வருகிறதா என்று அளந்துகொள்ளுங்கள். சமபக்க முக்கோணமாக 22, 22, 22 என்று வெட்டினால் மூடிக்கொள்ளும், ஆனால் சரிவு 54 பாகை 44 கலைக்குப் போய்விடும். அது வளைந்த பிரமிடின் கீழ்ப்பாதிக்குத்தான் ஆகும்.

மடிப்புக் கோட்டை மழுங்கிய கத்தியால் ஒருமுறை கீறிவிட்டு, கீறல் வெளிப்பக்கம் வருமாறு மடியுங்கள். ஒட்டுவதற்கு ஒரு விளிம்பு விட்டு ஒரு விளிம்பில் ஒரு சென்டிமீட்டர் காது விடுங்கள். கொள்ளளவு பார்க்க வேண்டுமானால் அடியை மூன்று பக்கம் திறந்துவிட்டு அரிசியை நிரப்பலாம். அதே 22க்கு 22க்கு 14 பெட்டியை நிரப்ப மூன்று தடவை கொட்ட வேண்டும்.

பொன்விகிதம்:
நான் பொன் விகிதத்தில் செய்யப்போகிறேன். என்ன மாற்ற வேண்டும்?

மூலைமட்டம்:
ஒன்றும் மாற்ற வேண்டாம். 14 சென்டிமீட்டர் உயரத்தில் உங்களுக்கும் வட்டக்கோலுக்கும் உள்ள வித்தியாசம் மில்லிமீட்டரில் எட்டில் ஒரு பங்கு. ஒட்டுகிற பசை அதைவிடத் தடிப்பாக இருக்கும்.